சாதி, இனம், ஏற்றத்தாழ்வு: செட்டிநாட்டில் அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

காரைக்குடிக்கு வீடு பார்க்க வரும் வெளியூர்க்காரர்கள், சிங்கப்பூரிலிருந்தும் அமெரிக்காவிலிருந்தும் விடுமுறைக்கு வரும் பிள்ளைகள், உள்ளூர்க் கல்லூரி மாணவர்கள் ஆகிய மூன்று தரப்பும் திரும்பத் திரும்பக் கேட்பவை இவை. நான் இந்த ஊர்க்காரன். எனக்குத் தெரிந்தவரை பதில் சொல்லியிருக்கிறேன். கொஞ்சம் கோபமும் கலந்திருக்கும்.

சாதி என்பது நம்ம ஊர் இனவெறிதானே?

இரண்டும் ஒன்றல்ல, ஆனால் செய்கிற வேலை ஒன்றுதான். ஒருவன் எங்கே குடியிருக்கலாம், என்ன தொழில் செய்யலாம், யாரைக் கட்டலாம் என்பதைப் பிறப்பை வைத்து முன்கூட்டியே முடிவு கட்டுவது இரண்டிலும் உண்டு. வித்தியாசம் கண்ணுக்குத் தெரிவதில் இருக்கிறது. அமெரிக்காவில் ஒரு கறுப்பினத்தவரைத் தெருவின் எதிர்ப்பக்கம் நின்றே அடையாளம் கண்டுவிடுவார்கள். இங்கே அது முடியாது. அதனால் நம்மவர்கள் கேட்டுத் தெரிந்துகொள்கிறார்கள். "தம்பிக்கு எந்த ஊரு?", "ஊருக்குள்ளயா, காலனியா?", "அப்பா பேரு?", "குலதெய்வம் எது?" என்று நான்கு கேள்வியில் விஷயம் முடிந்துவிடும். காரைக்குடியில் வாடகைக்கு வீடு தேடியவர்களுக்கு இந்த வரிசை மனப்பாடம். வாடகை எவ்வளவு என்பது ஐந்தாவதாகத்தான் வரும்.

சாதிகள் தனித்தனி இனங்கள் என்ற வாதத்தை அம்பேத்கர் 1936-லேயே உடைத்துவிட்டார். பஞ்சாப் பிராமணரும் பஞ்சாபின் தீண்டப்படாதவரும் ஒரே இனம்தான், சென்னையிலும் அப்படியே என்றார் அவர். மரபணு ஆய்வாளர்கள் 2013-இல் வெளியிட்ட முடிவும் இதற்குப் பக்கத்தில்தான் வந்து நிற்கிறது. இந்தியாவில் சுமார் 4,200 முதல் 1,900 ஆண்டுகளுக்கு முன்பு வரை எல்லாத் தரப்பும் கலந்திருக்கிறது. அதன் பிறகுதான் அவரவர் கூட்டத்துக்குள்ளேயே கொள்வினை கொடுப்பினை என்று கதவைச் சாத்திக்கொண்டோம். ஆக, பிரிவு இரத்தத்திலிருந்து வந்ததல்ல. கல்யாணத்தை வைத்துக் கட்டிக் காப்பாற்றியது.

ஐக்கிய நாடுகள் சபை என்ன சொல்கிறது?

2001-இல் தென்னாப்பிரிக்காவின் டர்பனில் இனவெறி எதிர்ப்பு மாநாடு நடந்தபோது, சாதியையும் சேர்த்துப் பேச வேண்டும் என்று தலித் அமைப்புகள் கேட்டன. சாதி வேறு இனம் வேறு என்று சொல்லி இந்திய அரசு அதைத் தடுத்தது. இனப் பாகுபாட்டுக்கு எதிரான 1965-ஆம் ஆண்டு உடன்படிக்கையில் 'வம்சாவளி' என்ற சொல் இருக்கிறது, இந்தியா அதில் கையெழுத்திட்ட நாடு. அந்தச் சொல்லில் சாதியும் அடங்கும் என்று ஐ.நா. குழு 2002-இல் விளக்கம் தந்தது. 2023 பிப்ரவரியில் அமெரிக்காவின் சியாட்டில் நகரம் சாதிப் பாகுபாட்டைத் தடை செய்தது. அமெரிக்காவில் அப்படிச் செய்த முதல் நகரம் அதுதான். கலிபோர்னியாவில் சட்டமன்றம் நிறைவேற்றிய இதே மாதிரி மசோதாவை அந்த ஆண்டு அக்டோபரில் ஆளுநர் திருப்பி அனுப்பிவிட்டார். நம்ம பிள்ளைகள் விமானம் ஏறும்போது இதையும் பெட்டியில் வைத்துக்கொண்டுதான் போகிறார்கள் என்று அமெரிக்காக்காரன் கண்டுபிடிக்க இவ்வளவு காலம் ஆயிற்று.

இனப் பாகுபாட்டுக்கும் செட்டிநாட்டுக்கும் என்ன சம்பந்தம்? அது வெள்ளைக்காரன் ஊர்ப் பிரச்சினை இல்லையா?

இந்தக் கேள்வியை ஆயிரம் சன்னல் வீட்டு வாசலில் நின்றுகொண்டு கேட்பார்கள். வீட்டுத் தூண் பர்மாத் தேக்கு. அது எப்படி வந்தது என்பதில்தான் பதில் இருக்கிறது.

19-ஆம் நூற்றாண்டின் பிற்பாதியிலிருந்து நகரத்தார்கள், அதாவது செட்டிநாட்டுச் செட்டியார்கள், பர்மா, மலாயா, இலங்கை, சைகோன் என்று கொண்டுவிக்க, அதாவது கடல் கடந்து வியாபாரம் செய்ய, போனார்கள். 1930 வாக்கில் பர்மாவில் மட்டும் சுமார் 1,650 நகரத்தார் கிட்டங்கிகள் (வட்டிக்கடைகள்) இருந்ததாக அன்றைய வங்கி விசாரணைக் குழு கணக்கெடுத்தது. பர்மிய விவசாயிக்கு வெள்ளைக்காரன் வங்கி நேரடியாகக் கடன் கொடுக்காது. செட்டியார் கொடுப்பார். அந்தச் செட்டியாருக்கு வெள்ளைக்காரன் வங்கி கொடுக்கும். இந்த ஏணியில் நம்மவர் நடுப்படி. ரங்கூனில் பெகு கிளப் என்று ஒன்று இருந்தது, அதில் ஐரோப்பியர் மட்டும்தான் உறுப்பினராக முடியும். எத்தனை இலட்சம் வரவு செலவு செய்தாலும் செட்டியார் அந்த வாசலைத் தாண்ட முடியாது. அதே செட்டியாரின் கிட்டங்கித் திண்ணைக்குக் கீழே கைகட்டி நின்றது பர்மிய விவசாயி.

1929-இல் உலகம் முழுக்கப் பொருளாதாரம் சரிந்தது, நெல் விலை விழுந்தது, கடன் திரும்பவில்லை, அடமான நிலங்கள் கைமாறின. கீழ் பர்மாவின் 13 முக்கிய நெல் மாவட்டங்களில் 1930-இல் செட்டியார்களிடம் இருந்தது 6 சதவீத நிலம். 1937-இல் 25 சதவீதம். கொடுத்த கடனுக்கு வந்த நிலம்தான், பறித்த நிலமல்ல என்று நம் பெரியவர்கள் சொல்வது கணக்குப்படி சரி. ஆனால் நான்கில் ஒரு பங்கு வயல் வேற்று நாட்டாரிடம் போனதைப் பார்த்த பர்மியனுக்கு அந்தக் கணக்கு எதற்கு? 1930 மே மாதம் ரங்கூனில் நடந்த கலவரத்தில் அடிபட்டு இறந்தவர்கள் பெரும்பாலும் துறைமுகத்துத் தெலுங்குக் கூலிகள். 1938-இல் மறுபடி இந்தியருக்கு எதிரான கலவரம். நிலம் யாரிடமோ, அடி யாருக்கோ.

அப்படியானால் பர்மாவில் பாதிக்கப்பட்டவர்கள் நாம்தானே?

ஆமாம், அதுவும் உண்மை. 1942-இல் ஜப்பான் படை வந்தபோது நான்கு இலட்சத்துக்கும் மேற்பட்ட இந்தியர்கள் பர்மாவை விட்டுக் கிளம்பினார்கள். பெரும்பாலானவர்கள் நடந்தே காடும் மலையும் கடந்தார்கள். பல்லாயிரம் பேர் வழியிலேயே காலராவிலும் பசியிலும் போனார்கள். வெள்ளையருக்கு ஒரு வழி, கறுப்பருக்கு ஒரு வழி என்று பிரித்து அனுப்பியதாக அப்போதே பெரிய குற்றச்சாட்டு எழுந்தது. 1948-இல் நிலம் தேசியமயமானது. 1964-இல் நே வின்னின் இராணுவ அரசு கடைகளையும் எடுத்துக்கொண்டது. அதன்பின் கப்பலில் வந்து இறங்கியவர்களில் கொஞ்சம் பேர் காரைக்குடி பர்மா காலனியில் இருக்கிறார்கள்.

இரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டும் என்பதுதான் என் கட்சி. நம் வீடுகளில் பர்மாவை விட்டு நடந்து வந்த கதையைச் சொல்வார்கள், அடமானம் மூழ்கின கதையைச் சொல்வதில்லை.

கப்பலில் போன தமிழர்கள் எல்லாரும் ஒரே நிலையில் இருந்தார்களா?

இல்லவே இல்லை. கிட்டங்கிக்குள்ளேயே படிநிலை உண்டு. பெட்டியடிப் பையனாகப் போய், அடுத்தாளாகி, மேலாளாகி, பிறகு சொந்தத்தில் கடை வைக்க வேண்டும். கடுமையான வேலைதான், ஆனால் ஏற வழி இருந்த ஏணி. அதே கப்பலின் மேல்தளத்தில் கங்காணி என்ற ஆள்பிடிக்கும் மேஸ்திரி கூட்டிப்போன தோட்டத் தொழிலாளிக்கு ஏணியே கிடையாது. அவர்களில் பெரும்பங்கு நிலமில்லாத ஒடுக்கப்பட்ட சாதியினர். மலாயா ரப்பர்த் தோட்டத்திலும் இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலும் லயம் என்ற வரிசைக் குடியிருப்பில் அடைபட்டார்கள். இலங்கை 1948-இல் அவர்களின் குடியுரிமையைப் பறித்தது. 1964-இல் சிறிமா–சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு அனுப்ப முடிவு செய்தது. அவர்களைக் கேட்டா செய்தார்கள்? ஊருக்குத் திரும்பி வந்த செட்டியாருக்கு வளவு வீடு காத்திருந்தது. திரும்பி வந்த தோட்டத் தொழிலாளிக்குப் பிறந்த சேரியில்கூட இடம் மிச்சமில்லை.

அந்த அரண்மனை வீடுகளில் சாதி எங்கே இருக்கிறது? எங்களுக்குத் தெரியவில்லையே.

வழிகாட்டி சொல்ல மாட்டார், ஆத்தங்குடிக் கல்லையும் இத்தாலி பளிங்கையும் காட்டுவார். வீட்டின் நீளத்தைப் பாருங்கள். முன்வாசல் ஒரு தெருவில், பின்வாசல் அடுத்த தெருவில். முகப்பில் திண்ணை, அதைத் தாண்டி வளவு, பிறகு இரண்டாங்கட்டு, கடைசியில் அடுப்படி. யார் எதுவரைக்கும் என்பது எழுதி ஒட்டாத சட்டம். கணக்குப்பிள்ளைக்கும் வியாபார விருந்தினருக்கும் முகப்பு. பங்காளி, சம்பந்தி வளவுக்குள். நெல் கொண்டு வருபவரும் விறகு பிளப்பவரும் பின் தெரு வழி. ஒடுக்கப்பட்ட சாதிக்காரர் அந்தப் பின்வாசலிலும் வெளியேதான். இவ்வளவு பெரிய வீட்டில் கட்டியவர்கள் அழியாமல் வைத்துவிட்டுப் போன ஒரே கணக்கு இந்த நடை வரிசைதான். அடுத்த முறை சுற்றிப் பார்க்கும்போது பின்வாசலில் தொடங்கி முன்னால் வாருங்கள், வேறு வீடு தெரியும்.

செட்டியார்கள்தான் ஒடுக்கினார்களா, நாட்டார்களா?

'இவரா அவரா' என்று கேட்பதே தப்பிக்கிற வழி. இந்தப் பகுதியின் ஊர்கள் 'நாடு' என்ற அமைப்பில் கட்டப்பட்டவை. அதன் தலைமை பெரும்பாலும் அம்பலம் பட்டம் கொண்ட கள்ளர் குடும்பங்களிடம். இவர்கள்தான் நாட்டார். நகரத்தார்களிடம் பணமும், தேவகோட்டை மாதிரி இடங்களில் ஜமீன் நிலமும். சாதிக் கட்டுப்பாட்டை நடைமுறைப்படுத்தியவர் நாட்டார், அந்தக் கட்டுப்பாட்டால் மலிவுக்கு ஆள் கிடைத்தது எல்லா நிலக்காரருக்கும்.

1930 தடைகள் என்கிறார்களே, அது என்ன?

எல்லாரும் படிக்க வேண்டிய ஆவணம் இது. 1931 மக்கள்தொகைக் கணக்கெடுப்பை நடத்திய ஹட்டன் பதிவு செய்து வைத்ததால் மிஞ்சியது. சிவகங்கை மாவட்டம் அப்போது இல்லை, எல்லாம் இராமநாதபுரம் மாவட்டம். 1930 டிசம்பரில் அந்த மாவட்டத்துக் கள்ளர் நாட்டார் ஆதிதிராவிடர்களுக்கு எட்டுத் தடைகள் போட்டார்கள்.

தங்கம், வெள்ளி நகை போடக்கூடாது. ஆண்கள் இடுப்புக்கு மேலேயும் முழங்காலுக்குக் கீழேயும் துணி கட்டக்கூடாது. சட்டை, பனியன், கோட்டு கூடாது. முடி வெட்டிக்கொள்ளக் கூடாது. வீட்டில் மண்பாத்திரம் தவிர வேறு கூடாது. பெண்கள் ரவிக்கை, தாவணியால் மேலுடம்பை மூடக்கூடாது. பூவும் மஞ்சளும் கூடாது. வெயிலுக்கோ மழைக்கோ குடை பிடிக்கக்கூடாது, செருப்புப் போடக்கூடாது.

ஆதிதிராவிடர்கள் இதற்கு அடங்கவில்லை. குடிசைகள் எரிந்தன, களஞ்சியங்கள் அழிந்தன, ஆடு மாடுகள் கொள்ளை போயின. அப்படியும் போதவில்லை என்று 1931 ஜூனில் பதினொரு புதிய தடைகள் வந்தன. இந்த இரண்டாவது பட்டியல்தான் என்னை உலுக்கியது. அதில் துணியும் பூவும் பின்னுக்குப் போய் நிலமும் கூலியும் முன்னுக்கு வருகின்றன. பிள்ளைகள் படிக்கக்கூடாது, மிராசுதாரரின் (நிலக்காரரின்) மாடு மேய்க்க வேண்டும். சொந்த நிலம் இருந்தால் மிராசுதாரருக்கு மலிவாக விற்றுவிட வேண்டும், விற்காவிட்டால் பாசனத் தண்ணீர் கிடையாது. வாரத்துக்கோ குத்தகைக்கோ நிலம் எடுக்கக்கூடாது. காலை ஏழு மணி முதல் மாலை ஆறு வரை வேலை, கூலி ஆணுக்கு நாலணா, பெண்ணுக்கு இரண்டணா. கல்யாணத்தில் மேளம் கூடாது.

குடை பிடிக்காதே என்பதும் நிலத்தை விற்றுவிடு என்பதும் ஒரே கையெழுத்துதான். முதல் பட்டியலை மட்டும் படிப்பவர்கள் 'அந்தக் கால மூடப்பழக்கம்' என்பார்கள். இரண்டாவதைப் படித்தால் பணக்கணக்கு தெரியும். இன்னொன்றையும் கவனியுங்கள். யாருமே குடை பிடிக்காத ஊரில் குடைக்குத் தடை போட வேண்டியதில்லை. பிடிக்கத் தொடங்கியிருந்தார்கள், படிக்கத் தொடங்கியிருந்தார்கள், நிலம் வாங்கத் தொடங்கியிருந்தார்கள். அதற்கு விழுந்த அடி இது. 1934-இல் தீண்டாமை ஒழிப்புப் பயணமாக வந்த காந்தி தேவகோட்டைப் பக்கம் வந்து நாட்டார்களிடம் பேசிப் பார்த்ததும் இந்தத் தகராறின் தொடர்ச்சிதான்.

கண்டதேவித் தேர்ப் பிரச்சினை என்ன? ஒரு வடத்தைப் பிடிக்க இவ்வளவு சண்டையா?

தேவகோட்டைக்குப் பக்கத்தில் கண்டதேவி. சொர்ணமூர்த்தீஸ்வரர் கோயில், சிவகங்கை சமஸ்தானத்துக்குச் சேர்ந்தது. ஆனி மாதம் தேர். உஞ்சனை, செம்பொன்மாரி, இறகுசேரி, தென்னிலை ஆகிய நான்கு நாட்டாருக்கும் அங்கே மரியாதை உண்டு. தலித்துகளும் வடம் பிடிக்க வேண்டும் என்ற கோரிக்கை 1998 வாக்கில் பெரிதாக வெடித்தது. உயர் நீதிமன்றம் எல்லாச் சமூகத்தாரும் பங்கேற்கலாம் என்றது. அதற்குப் பிறகு தேர் ஓடாத ஆண்டுகள் வந்தன. ஓடிய ஆண்டுகளில் எண்ணிக்கை வைத்துச் சிலரை மட்டும் விட்டார்கள், சுற்றி ஆயிரக்கணக்கில் போலீஸ். பிறகு தேர் பழுது, திருப்பணி என்று சுமார் 17 ஆண்டுகள் நின்றே போனது. புதுத் தேர் செய்து, நீதிமன்றம் அழுத்திச் சொல்லி, 2024 ஜூனில் எல்லாச் சமூகத்தாரும் சேர்ந்து பலத்த போலீஸ் காவலோடு இழுத்தார்கள்.

ஒரு வடத்துக்கா இவ்வளவு என்று வெளியூர்க்காரர் கேட்பது நியாயம். இந்தப் பகுதியில் 'மரியாதை' என்றால் வணக்கம் சொல்வதல்ல. திருநீறு யாருக்கு முதலில், பரிவட்டம் யார் தலையில், காளாஞ்சி யார் கையில், வடத்தை முதலில் தொடுவது யார் என்ற வரிசை அது. நிலப்பத்திரத்தைவிடக் கவனமாகக் காப்பாற்றப்படுகிற சொத்து. நிலம் கைமாறிவிட்டது, பிள்ளைகள் துபாய்க்கும் திருப்பூருக்கும் போய்விட்டார்கள், விவசாயம் பாதி தரிசு. மிச்சமிருப்பது இந்த வரிசை ஒன்றுதான். அதனால் பிடி இறுகுகிறது.

உயிர் போன வரலாறும் உண்டு. ஐயனார் கோயில்களுக்கு வேளார் (குயவர்) செய்யும் மண் குதிரைகளைச் சுமந்து போவதுதான் புரவி எடுப்பு, சிவகங்கைப் பக்கத்தின் அழகான திருவிழா. 1979-இல் உஞ்சனையில் அந்தத் திருவிழாவை ஒட்டிய தகராறில் ஐந்து தலித்துகள் கொல்லப்பட்டார்கள். இதே மாவட்டத்தில் திருப்பாச்சேத்தி பக்கம் கச்சநத்தத்தில் 2018 மே மாதம் மூன்று பேர் கொல்லப்பட்டார்கள். 2022 ஆகஸ்டில் 27 பேருக்கு ஆயுள் தண்டனை விதிக்கப்பட்டது. அங்கும் கோயில் திருவிழா மரியாதை பற்றிய பேச்சு பின்னால் இருந்தது.

இப்ப யாருங்க சாதி பார்க்கிறா?

பார்க்காதவர்கள் இந்தக் கேள்வியைக் கேட்பதில்லை.

டீக்கடையில் இரட்டைக் குவளை போய்விட்டது என்பார்கள். பல ஊர்களில் போய்விட்டதும் உண்மைதான். ஆனால் சில கடைகளில் அது போன விதத்தைப் பாருங்கள். எல்லாருக்கும் பேப்பர் கப் வந்தது. ஒருத்தர் குடித்ததை இன்னொருத்தர் கழுவவும் வேண்டாம், தொடவும் வேண்டாம். கடைக்காரருக்கு வழக்கு பயம் விட்டது, மனசு அப்படியே இருக்கிறது. புதுக்கோட்டை மாவட்டம் வேங்கைவயலில் 2022 டிசம்பரில் ஆட்சியர் நேரில் போனபோது இரட்டைக் குவளையும் கோயிலுக்குள் விடாத வழக்கமும் இருப்பது தெரியவந்து, அவரே தலித் மக்களைக் கோயிலுக்குள் அழைத்துப் போனார். சட்டப்படி இதெல்லாம் 1955-லிருந்தே குற்றம்.

சுடுகாட்டுப் பாதை இன்னொன்று. பல ஊர்களில் சுடுகாடே இரண்டு. தலித் குடியிருப்பிலிருந்து போகும் பாதை வரப்புதான், மழைக்காலத்தில் பாடையைத் தூக்கிக்கொண்டு முழங்கால் சேற்றில் நடக்க வேண்டும். பஞ்சாயத்து எல்லாருக்கும் பொதுதான், தார் ரோடு மட்டும் எங்கே நிற்க வேண்டுமோ அங்கே சரியாக நின்றுவிடும்.

நகரத்தார்களுக்குள் எல்லாரும் சமமா?

நகரத்தார் ஒன்பது கோயில்களாகப் பிரிந்தவர்கள், அவற்றுக்குள் சமம் என்பார்கள். கல்யாணமான ஒவ்வொரு ஆணும் ஒரு புள்ளி, புள்ளிக்குத்தான் கோயில் வரி. இளையாத்தங்குடி, மாத்தூர், பிள்ளையார்பட்டி என்று அவரவர் கோயிலிலிருந்து மாலை வந்தால்தான் கல்யாணம். கோடீஸ்வரனுக்கும் கணக்குப்பிள்ளைக்கும் ஒரே மாலை, இது நல்ல விஷயம். ஆனால் வேறு சாதியில் கட்டியவருக்கு அந்த மாலை வராது, புள்ளியும் போகும். பெண்ணுக்கு ஆரம்பத்திலிருந்தே தனிப் புள்ளி கிடையாது.

ஆச்சிகளின், அதாவது நகரத்தார் வீட்டுப் பெண்களின், கெட்டிக்காரத்தனத்தைப் பற்றிப் பெருமையாகப் பேசுவோம். கணவர் மூன்று வருடம் கடல் கடந்து போயிருக்க, இங்கே வீடு, வட்டி, வரவு செலவு எல்லாம் ஆச்சிதான். ஆனால் பாகப்பிரிவினையில் ஆச்சி இல்லை. சீர் கொடுத்தாயிற்று, அதோடு சரி. தமிழ்நாட்டில் மகளுக்கும் பிறப்புரிமை உண்டு என்று 1989-இல் சட்டம் வந்தது, 2005-இல் நாடு முழுக்க வந்தது. இப்போதும் 'அண்ணனோட எதுக்கு வம்பு' என்று கையெழுத்துப் போட்டுக் கொடுப்பவர்கள்தான் நான் பார்த்த வரையில் அதிகம்.

நிறம் பார்ப்பது இனவெறியில் சேருமா?

சேரும். 'மாநிறம்' என்று ஜாதகத்தோடு எழுதி அனுப்பினால் திரும்பி வருகிற ஊர் இது. 2020-இல் ஒரு பிரபல சிவப்பழகு க்ரீம் பெயரை மாற்றிக்கொண்டது, பெண் பார்க்கப் போகிற அம்மாக்கள் மாறவில்லை. இதற்கு மேல் எழுத ஒன்றுமில்லை.

முற்பட்ட சாதி ஏழைப் பையனுக்கு இட ஒதுக்கீட்டால் அநியாயம் இல்லையா?

ஏழ்மைக்கு உதவித்தொகை வேண்டும், சந்தேகமில்லை. இட ஒதுக்கீடு வேறு நோய்க்கான மருந்து. 1931-இல் 'படிக்கக்கூடாது' என்று தடை போடப்பட்ட பிள்ளையின் பேரன் இன்று கல்லூரியில் இருக்கிறான் என்றால் இடையில் என்ன நடந்தது? தமிழ்நாட்டின் 69 சதவீதத்தில் பிற்படுத்தப்பட்டோருக்கு 30 (இதில் முஸ்லிம்களுக்கு 3.5), மிகப் பிற்படுத்தப்பட்டோருக்கும் சீர்மரபினருக்கும் 20, ஆதிதிராவிடருக்கு 18 (இதில் அருந்ததியருக்கு 3), பழங்குடியினருக்கு 1. 2011 கணக்குப்படி மாநிலத்தில் ஆதிதிராவிடர் 20 சதவீதம். அவர்கள் எண்ணிக்கைக்கே ஒதுக்கீடு குறைவு என்பதைத் திண்ணைப் பேச்சில் யாரும் சொல்வதில்லை.

அழகப்பச் செட்டியார் 300 ஏக்கரும் 15 இலட்சமும் கொடுத்துக் காரைக்குடிக்கு மத்திய மின்வேதியியல் ஆய்வகத்தைக் கொண்டுவந்தார். 1947-இல் கல்லூரியும் தொடங்கினார். அந்தக் கொடை கட்டடத்தைத் தந்தது. அந்த வாசலுக்குள் யார் யார் வரலாம் என்பதை அகலப்படுத்தியது இட ஒதுக்கீடு. இரண்டும் இல்லாமல் இன்றைய காரைக்குடி இல்லை.

எதிர்த்து நின்றவர்கள் யாருமே இல்லையா?

நிறையப் பேர். முதலில் நிற்பவர்கள் அடியும் தீயும் வாங்கியும் குடையை மடக்காத ஆதிதிராவிடர்கள்தான். அவர்கள் பெயர்கள் எந்தக் கல்வெட்டிலும் இல்லை. பெயர் தெரிந்தவர்களில் ஜீவா, பின்னாளில் கம்யூனிஸ்ட் தலைவரான ப. ஜீவானந்தம். நாகர்கோவில் பக்கத்திலிருந்து வந்த இளைஞர், காரைக்குடிக்குப் பக்கத்துச் சிராவயலில் ஆசிரமம் வைத்து ஒடுக்கப்பட்ட பிள்ளைகளுக்குப் பாடம் நடத்தினார். 1927-இல் காந்தி அங்கேயே வந்து அவரைப் பார்த்தார். மஞ்சுவிரட்டுக்குச் சிராவயலுக்குப் போகிற கூட்டத்தில் எத்தனை பேருக்கு இது தெரியும்? நகரத்தார்களிலும் 'குமரன்' இதழ் நடத்திய சொ. முருகப்பா போன்றவர்கள் விதவை மறுமணத்துக்காகச் சொந்தக்காரர்களையே பகைத்துக்கொண்டார்கள். காரைக்குடி இராம. சுப்பையா சுயமரியாதை மேடைகளில் பேசியே வாழ்நாளைக் கழித்தார். செட்டிநாட்டுப் பெருமை என்று பட்டியல் போடுகிறவர்கள் கோழி வறுவலுக்குப் பிறகாவது இவர்களுக்கு ஓர் இடம் தரலாம்.

வடமாநிலத் தொழிலாளர்கள் நிறைய வந்துவிட்டார்களே, நம்ம பிழைப்பு போகாதா?

ரங்கூனில் 1930-இல் இதே கேள்வியைத்தான் கேட்டார்கள். அப்போது வந்தேறி நாம். இன்றைக்குக் காரைக்குடி ஓட்டலில் தட்டு எடுப்பவரும், பழைய வீட்டைப் பிரித்து அடுக்குமாடி கட்டுபவரும் பீகார், ஒடிசா, வங்காளத்துப் பிள்ளைகள். 'வடக்கன்' என்று ஒரே பெயரில் கூப்பிடுகிறோம். 2023 மார்ச்சில் தமிழ்நாட்டில் அவர்களை அடித்துக் கொல்கிறார்கள் என்று பொய் வீடியோக்கள் பரவியபோது அவர்கள் மூட்டையைக் கட்டிக்கொண்டு ரயில் நிலையத்துக்கு ஓடினார்கள். வீடியோ பொய், பயம் உண்மை. கூலி குறைவாகக் கொடுத்து ஆள் பிடிப்பவர் நம்மூர் ஒப்பந்தக்காரர். சண்டை போடுவதாக இருந்தால் அவரிடம் போடலாம்.

சமத்துவபுரம் மாதிரித் திட்டங்கள் பலன் தருகின்றனவா?

ஓரளவுக்கு. எல்லாச் சாதியினரும் பக்கம் பக்கமாக வாழ அரசு கட்டிக்கொடுக்கும் குடியிருப்புதான் சமத்துவபுரம். நூறு வீட்டில் ஆதிதிராவிடருக்கு 40, பிற்படுத்தப்பட்டோருக்கு 25, மிகப் பிற்படுத்தப்பட்டோருக்கு 25, மற்றவர்களுக்கு 10 என்பது விகிதம். சிங்கம்புணரிப் பக்கம் கோட்டை வேங்கைப்பட்டியில் 2022-இல் ஒன்று திறந்தார்கள். பக்கத்து வீட்டில் குடியிருந்தால் குழம்பு கைமாறும், சண்டையும் வரும். இரண்டும் இல்லாத ஊரைவிட அது மேல். ஆனால் சமத்துவபுரம் ஊருக்கு வெளியே இருக்கிறது, பழைய ஊர் பழையபடியே இருக்கிறது.

சாதி மாறிக் கல்யாணம் செய்தால் அரசு உதவி உண்டா?

உண்டு. டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி பெயரில் திட்டம் இருக்கிறது. தாலிக்கு 8 கிராம் தங்கமும் படிப்பைப் பொறுத்து 25,000 அல்லது 50,000 ரூபாயும். மிரட்டல் இருந்தால் காவல் கண்காணிப்பாளர் அலுவலகத்துக்குப் போங்கள். இப்படிப்பட்ட தம்பதிகளுக்கு மாவட்டந்தோறும் தனிப்பிரிவு வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2018-இல் உத்தரவிட்டிருக்கிறது.

நேரில் வன்கொடுமையைப் பார்த்தால், அல்லது நமக்கே நடந்தால் என்ன செய்வது?

'பேசித் தீர்த்துக்கலாம்' என்று கூப்பிடுவார்கள். ஊர்க்கூட்டத்துக்குப் போகுமுன் காவல் நிலையத்துக்குப் போங்கள். 1989-ஆம் ஆண்டு வன்கொடுமைத் தடுப்புச் சட்டப்படி புகாரை உடனே பதிய வேண்டும். முதல்கட்ட விசாரணை முடிந்துதான் பதிவோம் என்று சொல்ல முடியாது, 2018 திருத்தம் அதை நீக்கிவிட்டது. விசாரிப்பவர் டி.எஸ்.பி. பதவிக்குக் குறையக்கூடாது. 60 நாளில் குற்றப்பத்திரிகை தாக்கல் செய்ய வேண்டும். பொதுப்பாதை, குளம், சுடுகாடு, கோயில் எதையும் மறிப்பது 2015 திருத்தத்துக்குப் பிறகு இதே சட்டத்தின் கீழ் தனிக் குற்றம். புகாரை வேண்டுமென்றே கிடப்பில் போடும் அதிகாரிக்கும் தண்டனை உண்டு. நிவாரணத் தொகை வழக்கின் தன்மையைப் பொறுத்து மாறும், அதில் ஒரு பகுதி முதல் தகவல் அறிக்கை பதிவானதுமே வர வேண்டும்.

இலவச உதவி எண் 14566. தமிழிலேயே பேசலாம். சாதிப்பெயர் சொல்லித் திட்டியது பொது இடத்தில், நாலு பேர் பார்க்கும்படி நடந்ததா என்பதைப் புகாரில் தெளிவாக எழுதுங்கள். பல வழக்குகள் அங்கேதான் விழுகின்றன. முதல் தகவல் அறிக்கையின் நகலுக்குக் காசு கிடையாது, கேட்டு வாங்கிக்கொண்டு வெளியே வாருங்கள்.